துவரம்பருப்பு டப்பாவுக்கு அடியில்

"ஏங்க, இதுல அசல்னு ஒன்பதாயிரத்துச் சொச்சம்தான் போட்டிருக்கு. மிச்சம் இருபத்தொன்பதாயிரம் எங்க போச்சு?"

விஜி சமையலறையில் ஸ்டூல் மேல் நின்றிருந்தாள். ஒரு கையில் துவரம்பருப்பு டப்பா. இன்னொரு கையில் அந்த டப்பாவுக்கு அடியில் ஐந்து வருடமாக விரித்திருந்த, பின் அடித்த காகிதக் கட்டு. பொங்கலுக்கு முன்னால் ஷெல்ஃப் துடைக்கும் வேலை நடந்துகொண்டிருந்தது.

"அது என்ன பேப்பர்?" என்றார் ஜெயராமன், கூடத்திலிருந்து.

"வீட்டு லோன் வாங்குறப்ப பேங்க்ல குடுத்தாங்களே, பத்து ஷீட்டு. கெட்டியா இருக்கு, ஷெல்ஃப்ல போடுன்னு நீங்கதானே சொன்னீங்க. மொதல் தவணை முப்பத்தெட்டாயிரத்தி எழுநூத்தி அறுபத்தஞ்சு. வட்டி இருபத்தொன்பதாயிரம். அசல் ஒன்பதாயிரம். அப்படித்தான் போட்டிருக்கு."

"ஆரம்பத்துல அப்படித்தான் இருக்கும். போகப் போகச் சரியாயிடும்" என்றார் ஜெயராமன், எந்தப் பதற்றமும் இல்லாமல்.

அவர் பதற மாட்டார். பெங்களூர் பீன்யாவில் ஒரு மெஷின் கம்பெனியில் இருபத்திரண்டு வருடமாகக் கொள்முதல் பிரிவில் இருக்கிறார். ஒரு போல்ட்டுக்கு நாற்பது பைசா குறைக்க மூன்று நாள் பேசக்கூடியவர். விற்க வருகிறவன் முகத்தைப் பார்த்தே அடக்கவிலையைச் சொல்லிவிடுவேன் என்பது அவர் கட்சி. அப்படிப்பட்டவரை ஒரு பேங்க் ஏமாற்றிவிட முடியுமா?

"ஊர்ல எல்லாருக்கும் வட்டி ஏறிச்சு. எங்க ஆபீஸ்ல ரவிக்குமாருக்கு மாசம் ஆறாயிரம் ஏறிச்சு. நமக்கு ஒரு ரூபா ஏறிச்சா? அதே முப்பத்தெட்டாயிரத்தி எழுநூத்தி அறுபத்தஞ்சு. பேங்க்காரனுக்கும் ஆள் தெரியும், விஜி."

சொன்னதோடு நின்றிருந்தால் இந்தக் கதையே இல்லை. மனைவிக்கு நிரூபித்துக் காட்டலாம் என்று போனை எடுத்து பேங்க் ஆப்பைத் திறந்தார். கடைசித் தவணை என்ற இடத்தில் 2051 என்று இருந்தது. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார். அது மாறவில்லை.

"இருபது வருஷ லோன். நாப்பத்தொண்ணுல முடியணும்" என்றார் மெதுவாக.

விஜி ஸ்டூலிலிருந்து இறங்கி வந்து எட்டிப் பார்த்தாள். "வட்டி ஏறவே இல்லைன்னீங்க."

"தவணை ஏறலைன்னுதான் சொன்னேன்."

"அப்ப எது ஏறிச்சு?"

"வருஷம் ஏறியிருக்கு."

காலண்டர் தாளைக் கிழித்து, பின்பக்கம் கணக்குப் போட்டார். ஐந்து வருடத்தில் கட்டியது இருபத்து மூன்று லட்சம். கடனில் கழிந்தது மூன்றே முக்கால் லட்சம். இப்படியே கட்டி முடித்தால், ஐம்பது லட்சம் கடனுக்கு மொத்தம் ஒரு கோடியே நாற்பது லட்சம் கொடுத்திருப்பார். அன்றைக்கு அவருக்கு வயது எழுபத்து மூன்று. வேலையோ அறுபதில் முடிகிறது. நாற்பது பைசாவுக்கு மூன்று நாள் பேசிய மனிதர் கூட்டலை மூன்று தடவை சரிபார்த்தார்.

விஜி காகிதத்தை எழுத்துப் பக்கம் கீழே போகும்படி திருப்பி விரித்து, அதன் மேல் டப்பாவை வைத்தாள். அவளுக்கு இந்த வீட்டின் விலை வேறு கணக்கு. கல்யாணமாகி ஸ்ரீராம்புரத்தில் ஆரம்பித்துப் பதினோரு வாடகை வீடு பார்த்தவள். ஏழு மணிக்கு மோட்டாரை நிறுத்தும் ஓனர், விருந்தாளி வந்தால் தலையை எண்ணும் ஓனர், சுவரில் ஆணி அடித்தால் மாடியிலிருந்து இறங்கி வரும் ஓனர். இந்தக் கம்மனஹள்ளி ஃபிளாட்டுக்குக் குடிவந்த அன்று அவளே சுத்தியலை எடுத்துப் பதினான்கு ஆணி அடித்தாள். மாட்டுவதற்கு நான்கு படம்தான் இருந்தது. இனி இன்னொருவர் வீட்டுப் படி ஏற மாட்டேன் என்று அன்றைக்கே சொல்லிவிட்டாள்.

"வீட்டுக்கு ஒண்ணும் ஆயிடாதில்ல?" என்றாள்.

"நான் இருக்கேன்ல" என்றார் ஜெயராமன். மத்தியானச் சாப்பாட்டுக்குள் அவருக்குப் பழைய தைரியம் முழுதாகத் திரும்பிவிட்டது.

திங்கட்கிழமை அரைநாள் லீவு போட்டுவிட்டு பேங்குக்குப் போனார். வீட்டுக்கடன் மேஜையில் ஐந்து வருடத்துக்கு முன்னால் கையெழுத்து வாங்கிய அதே நிருபமா இருந்தாள். அவள் குரலை உயர்த்தி யாரும் கேட்டதில்லை.

"வட்டி ஏறினா தவணை மாறாது, வருஷம் நீளும்னு கடைசிப் பக்கத்துல இருக்கே சார். அட்டவணையோட நான்தான் குடுத்தேன்."

"அது இருக்கட்டும் மேடம். இப்ப எவ்வளவு குறைப்பீங்க?"

"கால் சதவீதம் குறைக்கலாம். அதுக்குக் கட்டணம் எட்டாயிரம்."

ஜெயராமனுக்கு ரத்தம் சூடேறியது. இது அவருடைய ஆடுகளம். எட்டாயிரமா என்று எழுந்து நின்றார். கடிகாரத்தைப் பார்த்தார். பக்கத்து பேங்கின் பெயரைச் சொன்னார். உட்கார்ந்தார். முக்கால் மணி நேரத்துக்குப் பிறகு நிருபமா ஒரு வழி சொன்னாள்.

"இந்த இன்ஷூரன்ஸ் எடுத்தா கட்டணம் முழுசா தள்ளுபடி சார். பிரீமியம் ஒரே தடவைதான். அதையும் லோன்லயே சேர்த்துக்கலாம். ஆனா கட்டாயம் இல்ல, நீங்க யோசிச்சு..."

"குடுங்க, எங்க கையெழுத்து?"

வீட்டுக்கு வரும்போது அரைக் கிலோ மைசூர்பாகு வாங்கி வந்தார். "எட்டாயிரத்த ஜீரோ ஆக்கிட்டேன், விஜி."

"இன்ஷூரன்ஸ் எவ்வளவு?"

"ரெண்டு லட்சத்தி இருபதாயிரம். ஆனா கையில இருந்து ஒரு பைசா குடுக்கலை. லோன்லதான் சேர்த்திருக்கு."

விஜி மைசூர்பாகைக் கீழே வைத்தாள். "அப்ப லோன் ரெண்டு லட்சம் ஜாஸ்தி ஆச்சு."

மறுநாள் ஆப்பில் கடைசித் தவணை 2053 என்று வந்தது. அவருக்கு எழுபத்தைந்து வயதாகும்.

இதற்கெல்லாம் அசருகிறவரா அவர்? வியாதி அசலில் இருக்கும்போது வட்டிக்கு மருந்து கொடுத்தது தப்பு என்று கண்டுபிடித்தார். ஆபீசில் ஐந்து லட்ச ரூபாய் சீட்டு ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. ஒன்றேகால் லட்சம் தள்ளி ஏலத்தில் எடுத்து, மூன்றே முக்கால் லட்சத்தோடு நிருபமாவின் முன்னால் போய் உட்கார்ந்தார்.

அவள் ஒரு படிவத்தை நீட்டினாள். அதில் இரண்டு கட்டம். பணம் கட்டிய பிறகு தவணைத் தொகையைக் குறைப்பதா, வருடத்தைக் குறைப்பதா?

குறைத்த விலை என்ற ஒன்றைக் கண்டால் ஜெயராமனின் கை தானாகப் போகும். தவணைத் தொகையில் டிக் அடித்தார்.

"சார், ரெண்டையும் ஒரு தடவை படிச்சுட்டு..."

"படிக்க என்ன மேடம் இருக்கு? இருபத்திரண்டு வருஷமா இதான் என் தொழில்."

நிருபமா படிவத்தை வாங்கி முத்திரை போட்டாள்.

"மாசம் மூவாயிரம் குறைச்சுட்டேன்" என்றார் அன்று சாயங்காலம். இந்த முறை மைசூர்பாகு வாங்கவில்லை. தவணை குறைந்த சந்தோஷத்தில் வீட்டு வாசல் வரை வந்தவருக்குச் சின்னதாக ஒரு சந்தேகம் தட்டியிருந்தது.

"கடைசி வருஷம் என்னாச்சு?" என்றாள் விஜி.

"அது... அங்கேயே நிக்குது."

"எழுபத்தஞ்சுலயா?"

"எழுபத்தஞ்சுலதான்."

விஜி அவர் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "விட்டுடுங்க. மாசா மாசம் கட்டுவோம். கையில மிஞ்சுறப்ப வருஷத்தக் குறைக்கச் சொல்லிக் கொஞ்சம் கொஞ்சமா குடுப்போம். எனக்கு இந்த வீட்டுல இருந்தா போதும்."

அந்த மூன்று மாதத்தில் அந்த வீட்டில் பேசப்பட்ட ஒரே புத்தியான பேச்சு அதுதான். ஜெயராமன் அதைக் காதில் வாங்கவில்லை. ஒரு கோடியே நாற்பது லட்சம் அவர் தலைக்குள் உட்கார்ந்துவிட்டது. காக்ஸ் டவுன் புரோக்கர் அலெக்சாண்டருக்குப் போன் போட்டார்.

"லீஸுக்கு விட்டுடுங்க சார்" என்றான் அலெக்சாண்டர். "இருபத்தஞ்சு லட்சத்துக்குப் பார்ட்டி ரெடி. சேஷகிரின்னு ஒரு பெரியவரு, ஸ்டேட் கவர்மென்ட்ல இருந்து ரிட்டயர்டு. பொண்ணோட இருக்காரு. டீசன்ட் பேமிலி, ஒரு கிரிகிரி, தொந்தரவு இருக்காது."

லீஸ் என்றால் பெங்களூரில் எல்லோருக்கும் தெரியும். குடிவருகிறவர் மொத்தமாக ஒரு தொகையைக் கொடுத்துவிட்டு மூன்று வருடம் வாடகை இல்லாமல் இருப்பார். காலி பண்ணும்போது வீட்டுக்காரர் அந்தத் தொகையை அப்படியே திருப்பித் தர வேண்டும். ஜெயராமனுக்கு இந்தக் கடைசி வாக்கியம் மட்டும் சற்று மங்கலாகக் கேட்டது.

"இருபத்தஞ்சு லட்சத்த அப்படியே லோன்ல கட்டறேன். இந்தத் தடவை வருஷத்துல டிக். ஆறே வருஷம், லோன் காலி. அதுவரைக்கும் நாம ஜீவனஹள்ளியில ஒரு சின்ன வீட்டுல இருப்போம். இருபதாயிரம் வாடகை."

"இருபத்தஞ்சு லட்சத்துக்கு மாசம் வட்டி எவ்வளவு மிச்சமாகும்?" என்றாள் விஜி.

"பதினெட்டாயிரம்."

"அத மிச்சம் பண்ண இருபதாயிரம் வாடகை குடுக்கணுமா?"

"நீ சின்னக் கணக்குப் பார்க்குற. நான் லாங் டேர்ம்ல பார்க்குறேன்."

"சரி, லாங் டேர்ம்லயே கேக்கறேன். மூணு வருஷம் கழிச்சு அந்த இருபத்தஞ்சு லட்சத்த யாரு திருப்பித் தர்றது?"

"அடுத்த லீஸ் பார்ட்டி குடுப்பான். அதை வாங்கி இவங்களுக்குக் குடுத்துடுவோம்."

"அவனுக்கு?"

"அதுக்கு அடுத்த பார்ட்டி."

"அப்ப நாம எப்பங்க இங்க திரும்பி வர்றது?"

ஜெயராமன் டெம்போவுக்குச் சொல்ல வேண்டும் என்று எழுந்து போய்விட்டார்.

சேஷகிரி வந்து வீட்டைப் பார்த்தார். சட்டைப் பையில் ஒரு துண்டுச் சீட்டு வைத்திருந்தார். அதைப் பார்த்துப் பார்த்துக் குழாய்களைத் திறந்தார், காவேரித் தண்ணீர் எந்தெந்த நாள் வருகிறது என்று கேட்டார், மாநகராட்சிச் சொத்துப் பதிவான காத்தா யார் பேரில் இருக்கிறது, கடன் எவ்வளவு பாக்கி என்றும் கேட்டார்.

"எல்லாம் என் பொண்ணு எழுதிக் குடுத்தது. அவளுக்கு லீவு கிடைக்கலை. செக் உங்க பேருக்கு வேண்டாமாம், நேரா உங்க லோன் அக்கவுண்டுக்கே போடணுமாம். ரொம்ப ஜாக்கிரதை, சார்."

"நல்ல விஷயம் சார். கணக்குல என்னை மாதிரி போலிருக்கு" என்றார் ஜெயராமன் மனதாரப் பாராட்டி.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் ஒப்பந்தம். ஜீவனஹள்ளி வீட்டுக்குப் பத்து மாத அட்வான்ஸ் இரண்டு லட்சம் ஆபீசில் கடன் வாங்கிக் கொடுத்தாகிவிட்டது. அந்த வீட்டு ஓனர் ஏழு மணிக்கு மோட்டாரை நிறுத்திவிடுவார் என்ற விவரம் சாவியோடு வந்தது. கூடம் முழுக்க அட்டைப்பெட்டி. விஜி அழவில்லை. படங்களைக் கழற்றினாளே தவிர, ஆணிகளை விட்டுவிட்டாள்.

பெல் அடித்தது. அலெக்சாண்டர் ஸ்டாம்ப் பேப்பரோடு முதலில் வந்தான், பின்னால் சேஷகிரி. அவருக்குப் பின்னால் செருப்பைக் கழற்றிக்கொண்டிருந்தவளைப் பார்த்ததும் ஜெயராமன் எழுந்து நின்றார்.

"மேடம், நீங்க எதுக்கு ஞாயித்துக்கிழமைல? பேங்க் கையெழுத்து ஏதாவது பாக்கியா?"

"இவதான் சார் என் பொண்ணு" என்றார் சேஷகிரி.

நிருபமா பேங்கில் பேசும் அதே குரலில் வணக்கம் சொன்னாள். ஒப்பந்தத்தின் எல்லாப் பக்கத்தையும் உட்கார்ந்து படித்தாள். மூன்று வருடத்தில் முழுத் தொகையும் திரும்ப வர வேண்டும் என்ற வரிக்குக் கீழே ஒரு கோடு போட்டாள். கையெழுத்துப் போட்டாள். செக்கைக் கொடுத்தாள். ஜெயராமன் படிக்காமல் கையெழுத்துப் போட்டார்.

பிறகு அவள் எழுந்து வீட்டைச் சுற்றிப் பார்த்தாள். "ஆணியெல்லாம் அப்படியே இருக்கட்டும் அக்கா, எனக்கு வேணும்" என்றாள். விஜி அவளைச் சமையலறைக்கு அழைத்துப் போனாள். ஷெல்ஃபில் கடைசியாகத் துவரம்பருப்பு டப்பா ஒன்றுதான் பாக்கி.

"ஒண்ணு கேக்கறேன், தப்பா எடுத்துக்காதீங்க" என்றாள் விஜி. "பேங்க்லயே வேலை பார்க்கறீங்க. உங்களுக்கெல்லாம் வட்டியும் கம்மின்னு சொல்றாங்க. நீங்களே ஒரு லோன் போட்டுச் சொந்தமா வாங்கிடலாமே. எதுக்கு லீஸு?"

"அதானே மேடம்" என்றார் வாசலில் சாய்ந்து நின்ற ஜெயராமன். "பில்டர்கிட்ட விலை பேசணும்னா சொல்லுங்க, நான் வர்றேன்."

விஜி டப்பாவை எடுத்தாள். அடியில் இருந்த காகிதத்தை நிருபமா ஓரம் பிடித்துத் தூக்கி, மாவை ஊதிவிட்டு, கடைசித் தாளைத் திருப்பிப் பார்த்தாள். பத்தாவது பக்கத்தின் கீழே அவளுடைய கையெழுத்து இருந்தது.

"நீங்க இதை ஷெல்ஃப்ல போட்டீங்க அக்கா" என்றாள். "நான் படிச்சுட்டேன்."