ஒன்றரைச் சதுர அடி வீட்டுக்காரன்

அறுபதாம் ஆண்டு தை மாதம், கல்வீடு கட்டியே தீருவது என்று நான் முடிவெடுத்தேன். சும்மா முடிவல்ல. பேப்பரில் போட வேண்டிய முடிவு. பேப்பர்காரர் ஒருவரும் கிளிநொச்சிப் பக்கம் வராதபடியால் முதலில் மாட்டுக்குச் சொன்னேன். அது தலையாட்டியது. பிறகு பக்கத்து வீட்டுக் கனகலிங்கத்துக்குச் சொன்னேன். அவரும் தலையாட்டினார். தலையாட்டாத ஒரே ஆள் என் மனைவி. ஆகையால் அவளுக்குக் கடைசியாகச் சொல்வது என்று வைத்திருந்தேன்.

என் பெயர் ஏரம்பு. நீர்ப்பாசன இலாகாவில் ஓவசியர். குளக்கட்டு உடைந்தால் எத்தனை கியூப் மண் வேண்டும் என்று சைக்கிளை விட்டு இறங்காமலே சொல்லுவேன். என் மனைவி விமலேஸ்வரி பளைக்காரி. எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றுவிட்டது. அவள் நிற்கவில்லை என்பது எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

எங்களுடையது மண் வீடு. போன மாரி மழையில் மேற்குச் சுவர் கரைந்து, அழைக்காத விருந்தாளி மாதிரி அடுப்படிக் குசினிக்குள் வந்து படுத்துவிட்டது. அந்த இடத்தில் தென்னோலைக் கிடுகு கட்டியிருந்தோம். கனகலிங்கம் வீடோ கல்வீடு. முப்பதடிக்கு முப்பதடி. முன்னால் இரண்டு தூண். அவர் கூட்டுறவுச் சங்கக்கடை மனேச்சர். மூன்று வருசத்துக்கு முன்பு ஒரு கம்பனியில் காணியை ஈடு வைத்து, ஆறாயிரம் ரூபா கடன் எடுத்துக் கட்டியவர். தினமும் பின்னேரம் அந்தத் தூணில் சாய்ந்துகொண்டு எங்கள் கிடுகைப் பார்ப்பார்.

"ஓவசியர், மாசம் ஐம்பது ரூபா இருபது சதம். அது ஒரு காசே? இருபது வருசம் கண்ணை மூடிக்கொண்டு கட்டினா வீடு உமக்கு" என்றார். கம்பனிக் கடுதாசியையும் அவரே எடுத்துத் தந்தார். நான் கண்ணை மூடத் தயாராகிவிட்டேன். ஒரு இடைஞ்சல். காணி அவளுடைய சீதனம். மாமனார் காடு வெட்டி எடுத்த நிலம். அவள் கையெழுத்து வைக்காமல் ஒரு தூணும் எழும்பாது.

மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு மெல்லத் தொடங்கினேன்.

"இஞ்சரும். ஆறாயிரத்தில ஒரு கல்வீடு வருது. உமக்கொரு குசினி, புகைபோக்கியோட."

"ஆறாயிரம் வாங்கிறது. கட்டுறது எவ்வளவு?"

"மாசம் ஐம்பது ரூபா."

"எத்தனை மாசம்?"

"இருபது வருசம்."

"நான் வருசத்தைக் கேக்கேல்லை. மாசத்தைக் கேட்டனான்."

ஓவசியர் வாயில் கணக்கு வரவில்லை. மோர்தான் வந்தது. குடித்தேன். அவள் கடுதாசியை வாங்கிக்கொண்டு போனாள்.

மூன்று மத்தியானம் அவள் நித்திரை கொள்ளவில்லை. ஒரு கொப்பியை வைத்துக்கொண்டு எழுதினாள். காதல் கடிதமோ என்று பயந்து எட்டிப் பார்த்தேன். அதைவிட மோசம். இலக்கங்கள். வரி வரியாக, மாதத்துக்கு ஒரு வரி. இருநூற்று நாற்பது வரி.

"இதைப் பாருங்கோ. ஆறாயிரத்துக்கு நூற்றுக்கு எட்டு வட்டி. வருசம் நானூற்று எண்பது. மாசம் நாற்பது. நீங்கள் கட்டுற ஐம்பது ரூபா இருபது சதத்தில நாற்பது வட்டிக்குப் போகுது. வீட்டுக்குப் போறது பத்து ரூபா இருபது சதம்."

"முதல்ல முதலுக்குத்தானே கழிப்பாங்கள்?"

"முதல்ல வட்டிக்கு. மிஞ்சினாத்தான் முதலுக்கு. பேர்தான் முதல். வாறது கடைசியில."

இருபது வருசத்தில் கட்டுவது பன்னீராயிரத்து நாற்பத்தெட்டு ரூபா என்றாள். ஒரு வீட்டுக்கு இரண்டு வீட்டுக் காசு. பாதி வீடு எங்களுடையது ஆவதற்கே பதின்மூன்று வருசமும் எட்டு மாதமும் செல்லும் என்றாள். முதலோடு ஒரு 'ஐ' சேர்ந்தால் முதலை ஆகும் என்பது எனக்குச் சின்ன வகுப்பிலேயே தெரியும். அது கடிக்கும் என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. ஆனால் ஒப்புக்கொள்வேனா?

"உமக்குப் பயம்" என்றேன்.

"ஓம், பயம்தான்" என்றாள். "எங்கட அப்பு பளையில தென்னங்காணியை எண்ணூறு ரூபாவுக்கு ஈடு வைச்சவர். பதினொரு வருசம் வட்டி கட்டினவர். மாசா மாசம் நான்தான் கொண்டுபோய்க் குடுக்கிறனான். பன்னிரண்டாம் வருசம் தேங்காய் விலை விழுந்திட்டுது. அண்டைக்கும் எண்ணூறு ரூபா அப்பிடியே நிண்டது. காணி போயிட்டுது. அதுக்குப் பிறகுதான் இஞ்ச வந்து காடு வெட்டினவர். அந்தக் காணிதான் இது."

அவள் அழவில்லை. கொப்பியை மூடினாள். நான் மோர்ச் செம்பைக் குடிக்காமல் கீழே வைத்தேன்.

பிறகு அவளே சொன்னாள். "நான் மாட்டன் எண்டு சொல்லேல்லை. ஒரு வருசம் ஒத்திகை பாப்பம். நான்தான் கம்பனி. முதலாம் திகதி ஐம்பது ரூபா இருபது சதம் என்னட்டக் கட்டுங்கோ. பன்னிரண்டு மாசம் கட்டி முடியட்டும். அதுக்குப் பிறகும் வேணுமெண்டா மறுபேச்சில்லாமல் கையெழுத்து வைப்பன்."

எனக்கு உள்ளுக்குள் சிரிப்பு. பயணப்படி வருகிறது, அதில் கட்டிவிடலாம். சுருட்டையும் விட வேண்டாம், பளைக் கொட்டகைப் படத்தையும் விட வேண்டாம். பன்னிரண்டு மாதம் கம்பனி விளையாட்டு, பதின்மூன்றாம் மாதம் கல்வீடு. பெண்சாதியை வெல்வது இவ்வளவு சுகமென்று தெரிந்திருந்தால் கல்யாணத்தன்றே தொடங்கியிருப்பேன்.

மாசி முதலாம் திகதி காசைக் கொடுத்தேன். பற்றுச்சீட்டு எழுதித் தந்தாள். பிறகு, "வாங்கோ, வீட்டைப் பாப்பம்" என்று வளவுக்குள் கூட்டிப்போனாள்.

அங்கே நாலு முளை அடித்துக் கயிறு கட்டியிருந்தது. முப்பதடிக்கு முப்பதடி. அறை, விறாந்தை, குசினி எல்லாம் கயிற்றால் பிரித்திருந்தாள். ஒரு மூலையில் சாம்பலால் சின்னதாக ஒரு கட்டம் கீறியிருந்தது.

"இதென்ன, கோழிக்கூடோ?"

"இதுதான் நீங்கள் இந்த மாசம் வாங்கின வீடு. ஒண்டரைச் சதுர அடி. ஏறி நில்லுங்கோ."

ஏறினேன். இரண்டு காலையும் ஒட்டி வைத்தால் நிற்கலாம். கொஞ்சம் அசைந்தேன்.

"காலை அங்கால வைக்காதையுங்கோ. அது கம்பனிட நிலம்."

அந்த நேரம் பார்த்து வேலிக்கு மேலால் கனகலிங்கத்தின் தலை எழும்பியது. "ஓவசியர், ஏன் கொக்கு மாதிரி நிக்கிறீர்?"

"வீடு பாக்கிறன்" என்றேன்.

நாலு மாதம் ஒழுங்காகப் போயிற்று. ஐந்தாம் மாதம் குளக்கட்டு வேலை முடிந்தது. பயணப்படியும் முடிந்தது. முதலாம் திகதி நான் கட்டவில்லை. ஐந்தாம் திகதி சோற்றோடு ஒரு கடிதமும் வந்தது. "ஐயா, தவணை பிந்தியதால் தண்டம் இரண்டு ரூபா. மூன்று தவணை தவறினால் காணி ஏலம்."

"இதென்ன அநியாயம்! எந்தச் சட்டத்தில இருக்கு?"

"கம்பனிக் கடுதாசி. மூண்டாம் பக்கம். ஏழாம் பந்தி. வாசிக்கேல்லையோ?"

நான் முதலாம் பக்கத்தில் இருந்த வீட்டுப் படத்தோடு நின்றவன்.

தன்மானம் என்று ஒன்று இருக்கிறதல்லவா? கனகலிங்கத்திடம் கடன் கேட்டுப் போனேன். அவர் தலையைச் சொறிந்து, உள்ளே போய் மனைவி பத்மாசனியோடு குசுகுசுத்து, மறுநாள் ஒரு ஐம்பது ரூபாத் தாள் கொண்டுவந்து தந்தார். மாதம் ஒரு ரூபா வட்டி. நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வந்து கம்பனியின் முன்னால் வைத்தேன். விமலேஸ்வரி தாளைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தாள்.

"இது கனகலிங்கம் அண்ணை தந்ததோ?"

"உமக்கெப்பிடி..."

"ஓரம் கிழிஞ்ச இடத்தில தபால் முத்திரை ஓரக் கடுதாசி ஒட்டினது நான்தான். நேற்றுப் பத்மாசனி வந்து கைமாற்றுக் கேட்டவா. குடுத்தனான். வட்டி எவ்வளவு சொன்னவர்?"

"ஒரு ரூபா."

"நான் பத்மாசனியிட்ட அரை ரூபாதான் கேட்டனான்" என்று சொல்லிக்கொண்டே பற்றுச்சீட்டு எழுதினாள்.

நான் கட்டிய காசை நானே வட்டிக்கு வாங்கி நானே திரும்பக் கட்டியிருக்கிறேன். இலங்கையில் வேறு எந்த ஓவசியரும் செய்யாத சாதனை. அன்றைக்குச் சுருட்டை விட்டேன். அடுத்த கிழமை படம். தோட்டத்தில் மிளகாய்க் கன்று நட்டுத் தண்ணீரும் இறைத்தேன். அதற்குப் பிறகு ஒரு தவணை தவறவில்லை. என்ன இருந்தாலும் கம்பனியோடு ஒரே பாயில் படுக்கிறவனுக்குத் தப்பியோட வழியில்லை.

இதற்கிடையில் கனகலிங்கம் ஒருநாள் வேலியைச் சுற்றி வந்து கயிற்றுக்குள் நின்றார். "தங்கச்சி, சும்மா ஒரு பகிடிக்கு... என்ர வீட்டில எவ்வளவு எனக்குச் சொந்தம்?"

அவள் கொப்பியில் முப்பத்தாறாம் வரியில் விரலை வைத்தாள். "அறுபத்திரண்டு சதுர அடி, அண்ணை. உங்கட குசினி. அதிலயும் ஒரு மூலை குறையும்."

"அப்ப விறாந்தை?"

"கம்பனிட."

"தூண்?"

"கம்பனிட."

"சாமியறை?"

"அதுவும்தான், அண்ணை."

கனகலிங்கம் வேலியைச் சுற்றித் திரும்பிப் போனார். ஒரு கிழமையாக அவர் தூணில் சாயவில்லை. குசினிக்குள் கதிரை போட்டு இருக்கிறார் என்று பத்மாசனி வந்து முறைப்பட்டாள். விமலேஸ்வரிக்குப் பாவமாகப் போய்விட்டது. தானே போய்ச் சொன்னாள். "அண்ணை, மாசம் ஒரு பத்து ரூபா கூடக் கட்டுங்கோ. அந்தப் பத்தும் முழுக்க முதலுக்குத்தான் போகும். வட்டி தொடேலாது. கடன் ஐஞ்சு வருசம் முந்தி முடியும்." கனகலிங்கம் அவளைக் கும்பிட்டார். என் கண் முன்னால். அவர் என்னை ஒருநாளும் கும்பிட்டதில்லை.

அடுத்த தை மாதம் வந்தது. பன்னிரண்டு தவணையும் முடிந்தது. அவள் சொன்ன சொல் தவறவில்லை. கம்பனிக் கடுதாசியையும் பேனையையும் கொண்டுவந்து கயிற்று வீட்டுக்குள் ஒரு பலகையில் வைத்தாள்.

"சொல்லுங்கோ. இப்ப வைக்கிறன் கையெழுத்து."

நான் சாம்பல் கட்டத்தைப் பார்த்தேன். பத்தொன்பது சதுர அடி. ஒரு பாய் விரிக்கலாம். அதுவும் ஒற்றைப் பாய். அறுநூறு ரூபா கட்டி ஒரு வருசம் முறிந்தும், புருசனும் பெண்சாதியும் சேர்ந்து படுக்க இடமில்லை. அவளுடைய விரல் பேனையில் இருந்தது. கண் வளவின் எல்லை வேலியில் இருந்தது. அந்த வருசம் முழுவதும் அவள் காணியை அப்படிப் பார்த்து நான் கண்டதில்லை. நான் ஓம் என்றால் அவள் வைத்திருப்பாள். அப்புவின் காணி என்று ஒரு சொல் சொல்லியிருக்க மாட்டாள்.

"வேண்டாமப்பா" என்றேன். "மூடும் பேனையை."

மூடினாள். பிறகுதான் ரங்குப்பெட்டியைத் திறந்தாள். நான் கட்டிய அறுநூற்றிரண்டு ரூபா நாற்பது சதமும், தண்டம் இரண்டு ரூபாவும், பத்மாசனி கொடுத்த அரை ரூபாவும் அப்படியே இருந்தன.

"இந்தக் காசுக்கு என்ன வரும், ஓவசியர்?" என்றாள். கல்யாணம் முடித்த நாளிலிருந்து அவள் என்னை ஓவசியர் என்று கூப்பிட்டது அன்றைக்குத்தான்.

ஓவசியருக்கு அது தெரியும். "ஒன்பதடிக்குப் பத்தடியில ஒரு அறை."

"ஒரு முளையும் கம்பனிட இல்லாமல்?"

"ஒரு முளையும் இல்லாமல்."

சீமெந்துக் கல் நாங்களே அரிந்தோம். கூரை மரங்களான வளையும் சிலாகையும் பளையிலிருந்து வந்தன. அந்த மாரிக்கு முன் ஒரு அறை எழும்பியது. மழை பெய்தபோது இரண்டு பேரும் அதற்குள் இருந்து தேத்தண்ணி குடித்தோம். சுவர் எங்கேயும் போகவில்லை. அடுத்த வருசம் குசினி, புகைபோக்கியோடு. அதற்கடுத்த வருசம் நெல் பொய்த்தது. ஒன்றும் கட்டவில்லை, ஒருவரும் ஏலம் போடவும் வரவில்லை. பிறகு விறாந்தை. எனக்குச் சம்பளமும் கொஞ்சம் ஏறியது. அறுபத்தொன்பதில் கடைசிக் கூரையோட்டைப் போட்டு முடித்தோம். ஊரில் என்னைத் தட்டிக்கொடுத்தார்கள். "ஏரம்பு கணக்கில புலி" என்றார்கள். நான் மறுக்கவில்லை. ஈடு வைக்காமல் வீடு கட்டியவளுக்கு ஈடு இணை இல்லை என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். வெளியே சொன்னால் புலிக்கு என்ன மரியாதை?

போன கிழமை துணுக்காயிலிருந்து அப்புத்துரை என்று ஒருவர் வந்தார். நெல் விதைக்கிற கமக்காரர். கையில் கம்பனிக் கடுதாசி. வீடு கட்டக் கடன் எடுக்கப் போகிறாராம். யாரிடமோ என்னைப் பற்றிக் கேள்விப்பட்டிருக்கிறார் என்று விளங்கிவிட்டது. சால்வையைச் சரிசெய்தேன். தொண்டையைச் செருமினேன். புதுக் கதிரையை இழுத்துப் போட்டேன்.

"இருங்கோ. முதலில் ஒன்றை விளங்கிக்கொள்ளுங்கோ. முதல் எண்டது வந்து..."

அவர் எழும்பி நின்று, மிகவும் மரியாதையாகச் சொன்னார்:

"குறை நினையாதையுங்கோ ஐயா, அம்மாவைத்தான் பாக்க வந்தனான். உங்களிட்டக் கேட்டு மினக்கெட வேண்டாமெண்டு கனகலிங்கம் அண்ணை சொல்லி விட்டவர்."