உன் மாமா தைத்த உறையும் பேர் மறந்த டேப்லெட்டும்

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. நீயும் உன் பெண்டாட்டி பிள்ளைகளும் சுகமாகத்தான் இருப்பீர்கள். கை வைத்துக் கெடுத்துவிட்டு பஸ் ஏறிப் போனவர்களுக்கு என்ன குறை? போனில் சொன்னால் குறுக்கே குறுக்கே பேசுவாய், அதனால்தான் கடிதம். அதிகம் படிக்காதவள், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்.

உன் மாமா என்னைத் தனியாக விட்டுப் போன துக்கத்துக்கு வந்தவன் சும்மா உட்கார்ந்திருந்துவிட்டுப் போயிருக்கலாம். "அக்கா, மாமாவோட டேப்லெட் ரொம்ப ஸ்லோ, புது சாஃப்ட்வேர் ஏத்தினா குதிரை மாதிரி ஓடும்" என்று லேப்டாப்பில் வயரைச் சொருகினாய். குதிரை ஓடத்தான் செய்தது, படமெல்லாம் பளிச்சென்று வந்தது. ஆனால் நீ போனதிலிருந்து ஒரு போன் வரவில்லை. சோபா தைக்க, கார் சீட் தைக்க என்று நம் கடை போர்டில் எழுதியிருப்பது அந்த டேப்லெட்டில் கிடக்கிற சிம் நம்பர்தானே? அவர் இல்லையென்றதும் ஊரே என்னைக் கைவிட்டுவிட்டது என்று தையல் மிஷின் மேல் தலைவைத்து அழுதேன். பக்கத்து சலூன்காரர் வந்து, "என்னக்கா, கடையை மூடிட்டீங்களா? போன் போட்டா போகவே மாட்டேங்குது" என்றபோதுதான் விஷயமே தெரிந்தது.

மொபைல் கடைக்காரர் பார்த்தார். "ஒவ்வொரு செட்டுக்கும் பிறக்கும்போதே ஒரு நம்பர் உண்டு. டவர் 'நீ யாரு'ன்னு கேட்டா அதைச் சொல்லணும். சாஃப்ட்வேர் ஏத்தினவன் அதையும் சேத்து வழிச்சுட்டான். டவர் கேக்குது, இது பேந்தப் பேந்த முழிக்குது" என்றார். "நானும் இப்ப அப்படித்தாங்க முழிக்கிறேன்" என்றேன். சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் ஸ்க்ரூடிரைவரைத் துடைத்தார் மனுஷர். பிறகு மெதுவாக, "ஓடாத செட்டு ஒண்ணு கிடக்கு, அதோட நம்பரை இதுல போட்டுடட்டுமா?" என்றார். "செத்ததோட பேர்ல இது எதுக்குங்க வாழணும்? இதுக்குன்னு ஒரு பேர் இருக்குல்ல?" என்று பிடுங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

கம்பெனி சர்வீஸ் சென்டரில் ஒரு பெண், "பழைய நம்பரையே ஏத்திடலாம்மா, அது அச்சடிச்ச டேப்லெட் பெட்டி இருக்கா?" என்றாள். அதில் மாமா ஆணி போட்டு வைத்து எப்போதோ நைந்து போனது. "அப்ப உறையைக் கழட்டுங்க, முதுகுல பொடியா அச்சடிச்சிருக்கும்." கழட்டுவதாம்! உன் மாமாவைத் தெரியாதா? பழைய உறை கிழிந்ததென்று மிச்ச ரெக்சினில், டேப்லெட்டை உள்ளே வைத்தே நாலு பக்கமும் தைத்தவர். திரைக்கு ஒரு ஜன்னல், சார்ஜருக்கு ஒரு ஓட்டை, சிம்முக்கு ஒரு கீறல், அவ்வளவுதான். அந்தப் பெண் கத்தரிக்கோலை எடுத்தாள். "கையை எடும்மா!" என்று நான் போட்ட சத்தத்தில் வரிசையே திரும்பிப் பார்த்தது. அவர் கடைசியாகத் தைத்தது அதுதான், தம்பி. ஒரு ஊசி வாங்கிக்கொண்டு தரையில் உட்கார்ந்து, ஒரு பக்கத்தை மட்டும் தையல் தையலாகப் பிரித்தேன், மூக்கைச் சிந்திக்கொண்டே பிரித்தேன், நூல் அறவேயில்லை. பார்த்துக்கொண்டிருந்த ஒருத்தர் குனிந்து, "அம்மா, என் பைக் சீட்டும் கிழிஞ்சிருக்கு, தைப்பீங்களா?" என்கிறார்!

நம்பரை ஏற்றினாள். சிக்னல் வந்தது, பின்னாலேயே போனும் வந்தது. "சோபா தைக்கிற அண்ணன் இருக்காரா?" "அண்ணன் இல்லீங்க, அண்ணி இருக்கேன், சொல்லுங்க" என்றேன். அண்ணன் இல்லை என்பதைக் குரல் உடையாமல் சொன்னது அன்றைக்குத்தான் முதல் தடவை.

ஆகவே எல்லாம் சரியாகிவிட்டது. நீ வரவேண்டாம், புதுசும் வாங்கித் தரவேண்டாம், லேப்டாப்போடு இந்தத் தெருப்பக்கம் தலைவைத்தும் படுக்காதே. எல்லோரும் நோய்நொடி இல்லாமல், அடுத்தவர் சாமானில் கை வைக்காமல் நன்றாக இருங்கள்.

இப்படிக்கு,
அக்கா

பி.கு.: கடிதத்தை ஒட்டுவதற்கு முன்னால் அதே நூலால் அதே துளைகளில் உறையைத் தைத்துவிட்டேன். மாமா கை போலவே இருக்கிறது, பிரித்த இடம் தெரியவில்லை. சிம் கீறல் கிழியப் பார்த்ததால் அதையும் பலமாக அடைத்துவிட்டேன். ஊசி படக்கூடாது என்று வெளியே எடுத்த சிம் மட்டும் மிஷின் மேல் உட்கார்ந்து என்னைப் பார்க்கிறது. இன்னொரு தடவை பிரிக்க என்னால் ஆகாது. லேப்டாப்பை வீட்டிலேயே வைத்துவிட்டு நீ மட்டும் கிளம்பி வா. நீ பிரி, நான் அந்தப் பக்கம் திரும்பி உட்கார்ந்துகொள்கிறேன்.