எனக்கு எதிராக நான் எழுதிய குறிப்பு

மதிப்புக்குரிய வழக்கறிஞரும், அதற்கு முன்னாலேயே என் மனைவிக்குத் தம்பியுமான மாப்பிள்ளைக்கு,

வணக்கம். இங்கே நானும் உங்கள் அக்காவும் உடம்பளவில் சௌக்கியம். மனசளவில் எப்படி என்பதைக் கீழே காண்க. விஷயம் ஒன்றுதான்: என் ஊதிய உயர்வு வழக்கைத் தயவுசெய்து வாபஸ் வாங்கிவிடவும்.

"ஏன் அத்தான், நேத்துதானே விசாரணைக்கு வந்துச்சு?" என்பீர்கள். வந்ததால்தான் சொல்கிறேன். மூணு வருஷத்துக்கு முன், மாதத்தின் கடைசி நாள் நான் ஓய்வு பெற்றேன். வருடாந்திர உயர்வு மறுநாள் விழ வேண்டியது. வருஷம் பூராவும் உழைத்தாகிவிட்டது. ஆனால் "உயர்வு விழுற அன்னிக்கு நீங்க வேலையிலேயே இல்லையே சார்" என்று, என் நாற்காலியில் இப்போது உட்கார்ந்திருக்கிற அம்மாள் கைவிரித்துவிட்டார். ஒரே ஒரு நாள், மாப்பிள்ளை! அது சேர்ந்தால் ஓய்வூதியம் சாகும்வரை ஒரு படி மேலே நிற்கும். அதைவிட, ஒரு வருஷ உழைப்பை ஒன்றுமில்லை என்று துடைத்துப் போட்டால் வயிறு எரியாதா?

நேற்று என்னமாய் வாதாடினீர்கள்! உங்கள் அக்கா என் கையைக் கிள்ளி, "பாத்தீங்களா எங்க தம்பியை" என்றாள். அந்தப் பெருமை பத்து நிமிஷம் நிற்கவில்லை. அரசுத் தரப்பு வக்கீல் பழைய கோப்பு ஒன்றிலிருந்து ஒரு தாளை நீட்டினார். பதினோரு வருஷத்துக்கு முன் இதே மாதிரி மாதக் கடைசியில் ஓய்வு பெற்ற எங்கள் ஜீப் டிரைவர் கொடுத்த மனுவைத் தள்ளி, சம்பளப் பிரிவுக் கண்காணிப்பாளர் எழுதிய குறிப்பு அது. நீதிபதி ரசித்து இரண்டு தரம் வாசித்தார்: "நாளைய உயர்வு நாளை பணிக்கு வருபவருக்கே. வீட்டில் இருப்பவரை அது தேடிப் போகாது." கத்தி மாதிரி எழுதியிருக்கிறார், அடுத்த வாய்தாவுக்குள் அவர் யாரென்று தெரிவியுங்கள், அவரையே கேட்டுவிடலாம் என்றார். என் முகத்தில் ஈயாடவில்லை. மாப்பிள்ளை, அது நான்தான்! சத்தியமாக மறந்தே போச்சு. ஒன்பது வருஷம் கண்காணிப்பாளராக இருந்து "விதியில் இடமில்லை, விதியில் இடமில்லை" என்று எத்தனை எழுதியிருப்பேன், எதையென்று ஞாபகம் வைக்கிறது?

நீங்களாவது சும்மா இருந்திருக்கலாம். கிறுக்கல் கையெழுத்து யாருடையது என்று தெரியாமல் துள்ளி எழுந்து, "கொஞ்சமும் மூளையைச் செலுத்தாமல் எழுதப்பட்ட குறிப்பு இது" என்று பிடித்துக்கொண்டீர்கள். அரை மணி நேரம்! ஈவு இரக்கம் இல்லாதவர், விதியைப் படிக்கவே தெரியாதவர், நாற்காலி தேய்த்தவர், இன்னும் என்னென்னவோ. ஜெயிக்கணும்னா நான் தலையாட்டணும், ஆட்டினேன். என்னைவிட வேகமாக உங்கள் அக்கா ஆட்டினாள். அவளுக்கு அந்தக் குறிப்பு யார் எழுதியது என்று தெரியாதா? வீட்டிலும் நான் அதே நடையில்தானே பேசுகிறேன்.

இத்தோடு போயிருந்தால் தேவலை. கடைசி பெஞ்சிலிருந்து எழுந்து வந்தார் ஒருவர். யாருன்னு நினைக்கிறீங்க? அதே டிரைவர். எழுபது வயசில் வாடகை வேன் ஓட்டுகிறார்; என் கேஸ் விசாரணைக்கு வருகிறது என்று கேள்விப்பட்டு வந்தாராம். "ஏறுங்க சார்" என்று எங்களை வீடுவரை கொண்டுவந்து விட்டார். இறங்கும்போதுதான் சொன்னார்: "அந்தக் குறிப்போட நகலை இன்னும் வெச்சிருக்கேன் சார். படிச்சப்போ, நாமதான் பேராசைப்பட்டுட்டோமோன்னு எனக்கே வெட்கமாப் போச்சு. அதான் கோர்ட்டு கேஸுன்னு எங்கயும் போகலை." கோபமே இல்லாமல் சொன்னார், பாவி மனுஷன். திட்டியிருந்தாலாவது தேவலை. வீட்டுக்குள் வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தேன். அழுகை வந்துவிட்டது, உங்களிடம் மறைப்பானேன்.

ஆகவே உயர்வும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம். அந்தக் கண்காணிப்பாளர் யாரென்று கோர்ட்டில் தெரிவதற்குள் மனுவைத் திருப்பி வாங்கி என் மானத்தைக் காப்பாற்றவும்.

உங்கள் வீட்டம்மாவுக்கு என் அன்பு. குழந்தைகள் நூறு வயசு நன்றாக இருக்கட்டும். உங்கள் வாதத்திறமைக்கு, அடி வாங்கியவன் என்ற முறையில், என் பாராட்டுகள்.

இப்படிக்கு,
கொஞ்சமும் மூளையைச் செலுத்தாத
அத்தான்

பின்குறிப்பு: ஒட்டின உறையை உங்கள் அக்கா பிரித்துப் படித்துவிட்டாள். "வாபஸ் வாங்கினா உங்க வெட்கம் போயிடும். அந்த மனுஷனுக்கு என்ன வரும்?" என்று ஒரே கேள்விதான் கேட்டாள். எனவே மேலே எழுதிய எதையும் செய்ய வேண்டாம். டிரைவர் வீட்டுக்கே போய் மன்னிப்புக் கேட்டு, வக்காலத்தில் கையெழுத்தும் வாங்கி இத்துடன் வைத்திருக்கிறேன். அவரை முதல் மனுதாரராகப் போடவும், நான் இரண்டாவது. காலம் கடந்துவிட்டது என்று எதிர்த்தரப்பு குதித்தால், கடத்தியவன் நான்தான் என்று எழுதித் தருகிறேன். அடுத்த வாய்தாவில் நானே கூண்டில் ஏறுகிறேன். அந்தக் கண்காணிப்பாளர் மூளையைச் செலுத்தவில்லை என்பதற்கு என்னைவிட நேரடி சாட்சி யார் இருக்கிறார்கள்? இன்னொரு சாட்சி வேண்டுமென்றால் உங்கள் அக்கா தயார். முப்பத்தாறு வருஷத்து ஆதாரம் கைவசம் இருக்கிறதாம்.