இரண்டு கையும் காலியாக

இந்தத் தடவை கைதட்டியே தீருவது என்று முடிவெடுத்தேன்.

இதென்ன பெரிய லட்சியம் என்று நினைப்பீர்கள். கல்யாணமாகாதவராக இருந்தால் கண்டிப்பாக நினைப்பீர்கள். கையோடு பிறந்தவன் தட்டிவிட்டுப் போக வேண்டியதுதானே என்பீர்கள். கையோடுதான் பிறந்தேன், வாஸ்தவம். ஆனால் மனைவியோடு கச்சேரிக்குப் போனால் அந்தக் கைகள் என் வசம் இருப்பதில்லை.

போன தடவை நடந்ததைக் கேளுங்கள். திறந்தவெளி மைதானம். நாற்காலி கிடையாது. எல்லோரும் நின்றுகொண்டேதான் கேட்க வேண்டும். என் வீட்டுக்காரி குதிகால் உயர்ந்த வெள்ளிச் செருப்பைப் போட்டுக்கொண்டு ஜோராக வந்தாள். இரண்டாவது பாட்டிலேயே, "என்னங்க, கால் விண்ணு விண்ணுன்னு தெறிக்குது" என்றாள். செருப்பு என் இடது கைக்கு வந்தது. "இதையும் கொஞ்சம் பிடிங்க." கைப்பை வலது கைக்கு வந்தது. வேர்க்கிறது என்று ஜாக்கெட்டைக் கழற்றி என் தோளில் போட்டாள். பாதி குடித்த தண்ணீர் பாட்டிலுக்கு என் அக்குளைத் தவிர வேறு இடமில்லை.

அந்த நேரம் பார்த்துத்தான் டிரம்ஸ்காரர் தனியாக வாசிக்க ஆரம்பித்தார். படிக்கிற காலத்திலிருந்தே அவர் என்றால் எனக்கு உயிர். அவருடைய வாசிப்புக்காகத்தான் டிக்கெட்டே எடுத்தேன். வாசித்துக்கொண்டே வந்தவர் சட்டென்று நிறுத்தி, "தட்டுங்க!" என்றார். மைதானமே தட்டியது. நான் காலைத் தட்டினேன். முன்னால் நின்றவர் திரும்பி என்னை மேலும் கீழும் பார்த்தார். பெண்கள் செருப்பைக் கையில் வைத்துக்கொண்டு தரையை உதைப்பவனை அப்படித்தான் பார்ப்பார்கள். அவரைக் குறை சொல்ல முடியாது.

அதே டிரம்ஸ்காரர் மறுபடி வருகிறார் என்று தெரிந்ததும் எனக்குத் தலைகால் புரியவில்லை. கூடவே ஒரு திட்டமும் உதித்தது. அவளுடைய உடுப்பை நானே தேர்ந்தெடுத்துவிட்டால்? காலைக் கடிக்காத செருப்பு, கழற்ற வேண்டாத துணி, சாமான் வைக்க ஒரு வழி. இவ்வளவும் இருந்தால் என் கைக்கு என்ன வேலை?

நேராகச் சொல்லியிருக்கலாமே என்பீர்கள். 'உன் சாமானைச் சுமக்க என்னால் ஆகாது' என்று பெண்டாட்டியிடம் நேராகச் சொன்ன ஒருவரை எனக்குக் காட்டுங்கள். அவர் சாப்பிட்டாரா என்று முதலில் விசாரிப்போம்.

கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிப்பது என் தொழில். நாள் முழுக்க லென்ஸை மாற்றி மாற்றிப் போட்டு, "இது தெளிவா இருக்கா, இல்ல இதுவா?" என்று கேட்பேன். சில பேர் லேசில் முடிவுக்கு வரமாட்டார்கள். அவர்களுக்கென்று ஒரு வித்தை வைத்திருக்கிறேன். சரியான லென்ஸுக்கு முன்னால் மங்கலாக இரண்டு லென்ஸைப் போட்டுக் காட்டிவிட வேண்டும். மூன்றாவதைப் போட்டதும், "இதுதான், இதுதான்!" என்று துள்ளுவார்கள். இந்த வித்தை வீட்டிலும் பலிக்கும் என்று நம்பினேன்.

ஒரு விஷயத்தை மட்டும் யோசிக்கவில்லை. என் மனைவி ஆஸ்பத்திரியில் வரவேற்பு மேசையில் இருக்கிறாள். சும்மா தலைவலிக்கு வந்துவிட்டு, "அவசரம், அவசரம்" என்று வரிசையைத் தாண்டப் பார்ப்பவர்களின் முகத்தைப் பார்த்தே திருப்பி அனுப்புகிற உத்தியோகம்.

"என்னங்க, சனிக்கிழமைக்கு எதைப் போட்டுக்கட்டும்?" என்று அலமாரி முன்னால் நின்று கேட்டாள்.

வழக்கமாக, "உனக்கு எது போட்டாலும் நல்லாத்தான் இருக்கும்" என்று சொல்லிவிட்டுப் பேப்பரைப் புரட்டுவேன். அன்றைக்குப் பேப்பரை மடித்து வைத்துவிட்டு எழுந்தேன்.

"உடம்புக்கு என்ன?" என்றாள்.

"ஒண்ணுமில்லையே, ஏன்?"

"பேப்பரைக் கீழ வச்சிட்டீங்களே."

"மணிக்கணக்கா நிக்கணும். உனக்கு சௌகரியமாவும் இருக்கணும், ஸ்டைலாவும் இருக்கணும். எனக்கு அதுதான் கவலை."

"என் சௌகரியத்தைப் பத்தியா?"

"பின்ன யாரு சௌகரியத்தைப் பத்தி?" என்று கேட்டுவிட்டு, முகத்தை அலமாரிக்குள் ஒளித்துக்கொண்டேன்.

முதல் லென்ஸ், உடம்பு முழுக்க ஜிகினா தைத்த சிவப்பு கவுன்.

"ஐயோ, இதுவா? கையைத் தூக்கினா அக்குள்ல அறுக்கும்."

இரண்டாவது லென்ஸ், ஒட்டடை அடிக்கும்போது போடுகிற தொளதொள பேண்டும் சட்டையும்.

"இதைப் போட்டுட்டு வந்தா, மேடைக்குக் கீழ ஒயர் இழுக்க வந்தவன்னு நினைச்சு உள்ள விட்டுருவாங்க."

"ஒரு டிக்கெட் மிச்சம்."

"ஆமா, மிச்சம் பிடிக்கிற மூஞ்சி."

மூன்றாவதை மெதுவாக எடுத்தேன். கரும்பச்சை காட்டன் கவுன். முக்கால் கை. இடுப்பில் பிடித்து, கீழே நன்றாக விரிந்து, முழங்காலுக்குச் சற்றுக் கீழே நிற்கும். வெயிலுக்கும் ஆகும், குளிருக்கும் ஆகும்.

"இதுதாங்க! இதுதான்!" என்றாள்.

உள்ளுக்குள் எனக்கு ஒரே குஷி. ஆனால் பரிசோதனை அறையில் சிரிக்கக் கூடாது என்பது தொழில் தர்மம்.

"வெள்ளிச் செருப்பு இதுக்கு எடுப்பா இருக்குமில்ல?"

"புல்தரைம்மா. குதிகால் மண்ணுக்குள்ள இறங்கிடும். அந்த வெள்ளை கேன்வாஸ் ஷூவைப் போடேன்."

"கவுனுக்குக் கேன்வாஸ் ஷூவா?"

"இப்ப அதுதான் ஸ்டைல். கடைக்கு ஒரு பொண்ணு வந்தா..."

"எந்தப் பொண்ணு?"

"கிட்டப்பார்வை. மைனஸ் மூணு."

"நான் பவர் கேக்கலை."

எப்படியோ சமாளித்தேன். அவளும் ஷூவுக்குச் சம்மதித்தாள். கடைசியாக, "போன், சீப்பு, பர்ஸ் எல்லாம் வைக்கக் கைப்பை வேணுமே" என்றாள்.

"பாக்கெட் தச்சுக்கலாமே! குடு, நானே கீழ்வீட்டுல குடுத்துட்டு வரேன்!"

கொஞ்சம் வேகமாகச் சொல்லிவிட்டேன் போலிருக்கிறது. தலைவலிக்காரனைப் பார்க்கிற பார்வை பார்த்தாள். பிறகு, "பாவம், எனக்காக எவ்வளவு மெனக்கெடறீங்க" என்று கவுனை என் கையில் கொடுத்தாள்.

கீழ்வீட்டுத் தையல்காரம்மா டேப்பைக் கழுத்தில் போட்டுக்கொண்டு, "எவ்வளவு ஆழம் சார்?" என்று கேட்டார்.

"போன் போகணும், பர்ஸ் போகணும், சீப்பு போகணும். தண்ணி பாட்டிலும் போனா நல்லது."

"இது பாக்கெட்டா சார், பரணா?"

"கொஞ்சம் பெரிசாவே வச்சிடுங்களேன்."

"எதுக்கு சார் இவ்வளவு பெரிசு?"

அங்கேதான் சறுக்கினேன். நாலு நாளாக மனசுக்குள் வைத்திருந்த சாமர்த்தியத்தை யாரிடமாவது சொல்லாவிட்டால் வெடித்துவிடும் போல இருந்தது. லென்ஸ் வித்தை, ஷூ, டிரம்ஸ்காரர், கைதட்டல், எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். "யார்கிட்டயும் மூச்சு விடாதீங்க."

"எனக்கெதுக்கு சார் ஊர் வம்பு?" என்று சொல்லி நூலைப் பல்லால் கடித்தார்.

சனிக்கிழமை சாயங்காலம் அவள் அறையிலிருந்து வெளியே வந்ததும் அசந்துபோனேன். கரும்பச்சைக் கவுன், வெள்ளை ஷூ, தலைமுடியைத் தூக்கிக் கட்டியிருந்தாள். என் பெண்டாட்டி என்பதற்காகச் சொல்லவில்லை, நிஜமாகவே அழகாக இருந்தாள். "எப்படி இருக்கு?" என்று ஒரு சுற்றுச் சுற்றினாள். பாக்கெட்டுக்குள் இருந்த சாமான் கூடச் சத்தம் போடாமல் சுற்றியது. நம் திட்டத்தில் இப்படி ஒரு லாபமும் இருக்கிறதா என்று பெருமையாக இருந்தது.

கையை வீசிக்கொண்டு படி இறங்கினேன். வீசுவதற்கு இரண்டு கை இருப்பதே மறந்துபோயிருந்தது. ஒத்திகைக்காக ஒருதரம் தட்டிப் பார்த்தேன்.

"என்ன அது?"

"கொசு."

மைதானத்து வாசலில் என் மச்சினி நின்றுகொண்டிருந்தாள். பக்கத்தில் கீழ்வீட்டுத் தையல்காரம்மா.

"இவங்க எங்க இங்க?"

"நாலு டிக்கெட்டா எடுத்துட்டேன்" என்றாள் மனைவி. "பாவம், அவங்களுக்கும் ஆசை இருக்காதா?"

ஆசை இருக்கட்டும். தற்செயலாக மச்சினியின் பக்கம் பார்வையைத் தாழ்த்தினேன். காலில் அதே வெள்ளிச் செருப்பு.

"அக்காவோடது அத்தான்! கால் வலிக்குமேன்னு யோசிச்சேன். 'தைரியமாப் போட்டுக்கோ, வலிச்சா அத்தான் இருக்காரு'ன்னு அக்காதான் சொன்னா."

தையல்காரம்மா ஜரிகை வைத்த நீளப் பாவாடையில் வந்திருந்தார். தோளில், வாரக்கணக்கில் வெளியூர் போகிறவர்கள் கொண்டுபோகிற அளவுக்கு ஒரு பை.

"ஊருக்கெல்லாம் பாக்கெட் தைக்கிறீங்க. உங்களுக்கு ஒண்ணு தச்சுக்கலையா?" என்று பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டேன்.

"எங்க சார் நேரம்? ரெண்டு நாளா உங்க பரணைத்தானே தச்சிட்டிருந்தேன்."

மனைவி வானத்தைப் பார்த்தாள். "ரெண்டு பேரும் ரொம்பத் தயங்கினாங்க. நான்தான் சொன்னேன், என் சாமானை நான் பாத்துக்குவேன், இவர் கை இந்தத் தடவை சும்மாதான் இருக்கும்னு."

முதல் பாட்டு முடிவதற்குள் வெள்ளிச் செருப்பு என் இடது கைக்கு வந்துவிட்டது. பழகிய கை, தானாகவே பிடித்துக்கொண்டது. பெரிய பை வலது கைக்கு வந்தது. மச்சினியின் ஜாக்கெட் தோளுக்கு வந்தது. அக்குளுக்கு இந்தத் தடவை பாட்டில் இல்லை, தையல்காரம்மாவின் குடை.

டிரம்ஸ்காரர் ஆரம்பித்தார். என்ன வாசிப்பு! மெல்ல ஆரம்பித்து, தூறி, வலுத்து, கொட்டித் தீர்த்தார். எனக்குக் கண் கலங்கிவிட்டது. துடைக்கத்தான் கையில்லை. சட்டென்று நிறுத்தினார். "எல்லாரும் கையை மேல தூக்குங்க!"

யோசிக்காமல் தூக்கிவிட்டேன். மேடைக்குப் பக்கத்தில் பெரிய திரை. அதில் திடீரென்று என் முகம் வந்தது. அதற்கு மேலே ஒரு ஜோடி வெள்ளிச் செருப்பும் ஒரு பையும். டிரம்ஸ்காரர் திரையைத் திரும்பிப் பார்த்துவிட்டு, குச்சியை வைத்துவிட்டுச் சிரித்தார். "அண்ணனுக்காக எல்லாரும் பலமா ஒரு தட்டு!"

மைதானமே தட்டியது. மச்சினி தட்டினாள். தையல்காரம்மா தட்டினார். நான் உயிரை வைத்திருக்கிற அந்த மனிதரே எனக்காகத் தட்டினார். அந்த இடத்தில் தட்டாமல் நின்றவன் நான் ஒருத்தன்தான்.

சத்தம் அடங்கியதும் மனைவி என் காதோரம் வந்தாள். "கைதட்டணும்னு ஆசைன்னா என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா? தையல்காரம்மாகிட்டயா போய்ச் சொல்வீங்க?"

தலையைக் குனிந்துகொண்டேன்.

"சரி, மூஞ்சியைத் தொங்கப் போடாதீங்க" என்று கவுன் பாக்கெட்டில் சொகுசாகக் கையை விட்டுக்கொண்டு சொன்னாள். "உங்களுக்கும் சேத்து நானே தட்டிட்டேன்."