நீலச் சட்டைக்காரர்

மாசாய் பட்டணத்தில் லெட்சுமணன் வீட்டு விளக்குமாறு இதுவரை அவரை நேரில் சந்தித்ததில்லை. காரணம் அவருடைய இடுப்பு. சாதாரண இடுப்பா அது? சினிமாவில் ஆடிய இடுப்பு!

அவர் இளவட்டமாக இருந்தபோது, கோத்தா திங்கி பக்கத்து எஸ்டேட்டில் ஒரு தமிழ்ப் படம் எடுத்தார்கள். மூச்சுக்கு ஒரு பாட்டு உள்ள படம். செம்பனை மரங்களுக்கு நடுவே கதாநாயகி ஆட, பின்னால் எஸ்டேட் ஜனங்கள் ஆடினார்கள். அதில் நீலச் சட்டையும் மீசையுமாகச் சுழன்று சுழன்று ஆடுவது தான்தான் என்றும், அன்று பிடித்த இடுப்பு இன்னும் விடவில்லை என்றும் பெண் பார்க்கப் போன நாளிலிருந்து சொல்லி வருகிறார். பழைய வீடியோ டேப்பில் அந்த முகம் பிசைந்த புட்டு மாதிரி இருக்கும். யார் மறுக்க முடியும்? மனைவி புஷ்பவள்ளியும் மறுக்கவில்லை. கூட்டினாள், கழுவினாள், கேஸ் சிலிண்டர் தோம்பையும் அவளே தூக்கினாள்.

வினை ஞாயிற்றுக்கிழமை வந்தது. சிங்கப்பூரில் வேலை பார்க்கும் மகள் மலர், அதே படத்தைப் பளபளவென்று ஒரு டிஸ்க்கில் வாங்கி வந்தாள்.

"அப்பா, எச்டி லா! மூஞ்சில பரு இருந்தா எண்ணலாம்!"

லெட்சுமணனுக்கு வயிற்றைக் கலக்கியது. படம் எடுத்த அன்றும் அப்படித்தான் கலக்கியது. பாவம், நாள் முழுக்க வீட்டுக்கும் கக்கூசுக்கும் நடந்தாரே தவிர, படப்பிடிப்புப் பக்கமே எட்டிப் பார்க்கவில்லை. இப்போது குட்டு உடைந்தால் விளக்குமாறு கைக்கு வந்துவிடும்.

முதல் வேலையாக டிஸ்க்கில் தேங்காய் எண்ணெய் தடவினார்.

"என்னங்க இது, பூரா எண்ணெய்?" புஷ்பவள்ளி சோப்புப் போட்டுக் கழுவினாள்.

"பழைய படமாச்சே, துருப்பிடிச்சிடும்னு..."

"சரி, டிவிய போடுங்க."

"டாக்டர் டிவி பார்க்கக் கூடாதுன்னாரு."

"எந்த டாக்டரு?"

"பல் டாக்டரு."

மத்தியானம் சம்பந்தி ஐயாசாமி வந்து நடு சோபாவில் அமர்ந்தார். மலர் படத்தைப் போட்டாள், பாட்டும் வந்தது. வேறு வழி தெரியாமல் லெட்சுமணன் எழுந்து, டிவியை மறைத்துக்கொண்டு ஆடத் தொடங்கினார். சுழன்றார், குனிந்தார், குதித்தார்.

"இடுப்பு எப்படிங்க இருக்கு?" என்று புஷ்பவள்ளி கேட்டாள்.

"ஐயோ!" என்று இடுப்பைப் பிடித்துக்கொண்டு அவர் ஓரமாகச் சாய்ந்தார். திரை முழுசாகத் தெரிந்தது. மலர் படத்தை நிறுத்தினாள்.

நீலச் சட்டை. ஒரு பக்கம் பிய்ந்து தொங்கும் ஒட்டு மீசை. காதில் கம்மல் துளை. கன்னத்தில் மச்சம். ஐயாசாமி திரையைப் பார்த்தார். பிறகு புஷ்பவள்ளியின் கன்னத்து மச்சத்தைப் பார்த்தார்.

"அலமாக்! சம்பந்தியம்மா, இது நீங்கதானே?"

"ஆமாங்கண்ணே. எங்க எஸ்டேட்லேருந்தும் லோரியில கூட்டிட்டுப் போனாங்க. ஆம்பளைங்க பத்தல. நான் உயரமா இருந்தேன்னு மீசை ஒட்டி விட்டுட்டாங்க."

லெட்சுமணன் இடுப்பிலிருந்து கையை எடுத்தார்.

"இத்தன வருஷமா ஏன் புள்ள சொல்லல?"

"சொன்னா யாரு நம்புவா? மூஞ்சி தெரியட்டும்னு காத்திருந்தேன். மலர்கிட்ட வாங்கிட்டு வரச் சொன்னதே நான்தான். அதோட, என் ஆட்டத்த ஊர் பூரா புகழ்ந்து பேச நீங்க ஒருத்தர்தானே இருந்தீங்க?"

அவருக்கு அவமானமாக இருந்தது. அவள் ஆட்டத்தை நினைத்தால் கொஞ்சம் பெருமையாகவும் இருந்தது.

புஷ்பவள்ளி மெல்ல சோபாவில் சாய்ந்து, காலை நீட்டிக்கொண்டாள்.

"அன்னிக்கு ஆடினதுல, எனக்கு இப்பதாங்க இடுப்பு பிடிக்குது."