சக்கைக்கு வந்த பதவி உயர்வு

அலுவலகக் கேன்டீனில் சோயாபால் காய்ச்சுகிறவரை எல்லோரும் 'சரிங்கய்யா' என்றே கூப்பிட்டார்கள். அவர் வாயில் வேறு சொல் வந்ததில்லை. தற்காலிகப் பால்காய்ச்சி என்பது பதவி. அது நிரந்தரமானால் போதும், வேறு பேராசை கிடையாது.

உடல்நலத்தை முன்னிட்டு அலுவலகமே சோயாபாலுக்கு மாறியிருந்தது. முகம் சுளித்துக்கொண்டே எல்லோரும் ஆரோக்கியமாக இருந்தார்கள். பிழிந்த சக்கை, 'கழிவு' என்ற தலைப்பின்கீழ் குப்பைக்குப் போனது.

இப்படியிருக்கையில் இயக்குநர் ஜப்பான் போய் வந்தார்.

"அங்கே சோயாச் சக்கையில ஒரு சாலட் குடுத்தாங்க. அடடா! நம்ம கேன்டீன்ல முடியுமா?"

"சரிங்கய்யா."

அவர் சக்கையை ஒட்டப் பிழிந்து, வெறும் வாணலியில் ஈரம் போகப் புரட்டி, ஆறவிட்டார். உப்பில் பிசறிப் பிழிந்த வெள்ளரி, கேரட் துருவல், கொஞ்சம் மயோனைஸ், வினிகர், மிளகுத்தூள். கலந்தால் வேலை முடிந்தது. இயக்குநர் கண்ணை மூடிக்கொண்டு ரசித்துச் சாப்பிட்டார். மற்றவர்களும் கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டார்கள்.

"உங்க வேலை நிரந்தரம்னு வெச்சுக்குங்க," என்றார் இயக்குநர். சரிங்கய்யா வீட்டுக்கு ஓடிப்போய் மனைவியிடம் சொல்லிவிட்டு வந்தார்.

செயலாளர்தான் முட்டுக்கட்டை போட்டார். "ஐயா, அதிகாரிகள் கழிவை உண்ணலாகாதுன்னு விதி இருக்கு."

"அப்போ சக்கையை உணவுன்னு மாத்திடுங்க."

"மாத்தலாம். ஆனா ஒரு பொருள்லேர்ந்து ஒரு உணவுதான் வரணும். மிச்சமெல்லாம் கழிவு."

இயக்குநர் யோசித்தார். அவர் யோசித்தாலே யாருக்கோ ஆபத்து.

"இதுல மிச்சம் என்ன?"

"பால்."

அன்று மாலையே மேற்படி பால் கழிவென அறிவிக்கப்பட்டது. கழிவைக் காய்ச்ச ஆள் எதற்கு என்று மேற்படி பதவியும் ரத்தானது. ஆணையை வாங்கிக்கொண்டு அவர் "சரிங்கய்யா" என்றார்.

மறுநாள் மதியம் செயலாளர், சரிங்கய்யாவின் வீட்டுக்குப் போன் செய்தார். "என்னப்பா, சக்கை எங்கே? எல்லாரும் தட்டோட உட்கார்ந்திருக்காங்க!"

"பாலைப் பிழிஞ்சாத்தாங்கய்யா சக்கை வரும்."

"பால் எடுக்கக் கூடாதுன்னுதான் ஆணை போட்டாச்சே! வெறும் சக்கையா மட்டும் வர்ற சோயா எங்கேயாவது கிடைக்குமான்னு பாரு."

வாழ்க்கையில் முதன்முறையாக அவர் 'சரிங்கய்யா' சொல்லாமல் போனை வைத்தார்.

மனைவி பொருமினாள். "இத்தனை வருஷமா உங்களைச் சக்கையாப் பிழிஞ்சுட்டுத் தூக்கி எறிஞ்சுட்டாங்களே!"

"சக்கையா இருந்திருந்தா தட்டுல வெச்சுத் தாங்கியிருப்பாங்கடி," என்றார் அவர். "நான்தான் பாலாப் போயிட்டேன்."