ஜெராட்டின் கராச்சில் எரியாத லைற்

வெம்பிளி,
லண்டன்.

பெருமதிப்பிற்குரிய மைத்துனர் யோகராஜா அவர்களுக்கு,

உமது அக்காவின் கணவர் இராசரத்தினம் வணக்கத்துடன் எழுதுவது. நானும் பாலாம்பிகையும் கடவுள் கிருபையால் சுகம். கனடாவில் நீரும் பிள்ளைகளும் அவ்வாறே இருக்க வேண்டும். மகள் கம்சிகா சுகம். பக்கத்து வீட்டு டொலறஸ் சுகம். பின்வளவில் நட்ட மிளகாய்க் கன்றும் சுகம். கார் மட்டும் சுகமில்லை. அதைப் பற்றித்தான் இந்தக் கடிதம்.

போனில் சொல்லியிருக்கலாமே என்று கேட்பீர். சொன்னேன். நீர் "ஓம் அத்தான், ஓம் அத்தான்" என்று சொல்லிவிட்டு, போனை அக்காவிடம் கொடுக்கச் சொன்னீர். கடிதத்தில் அந்தத் தொல்லை இல்லை. எழுதியவரும் வாசிப்பவரும் மட்டும்தான், நடுவில் ஒருவரும் வர முடியாது. மேலும் நீர் இந்த வெம்பிளியிலேயே கார் திருத்துகிற கராச் வைத்திருந்தவர், பிரேக் என்றால் என்னவென்று அறிந்தவர். அடுத்த மாதம் நீர் குடும்பத்தோடு ஹீத்ரோவில் வந்து இறங்கும்போது உம்மை ஏற்றப் போவதும் இதே கார்தான். ஆகையால் இதில் உமக்கும் பங்குண்டு.

விஷயத்துக்கு வருகிறேன். போன ஐப்பசியில் ஈஸ்ட் ஹாமுக்குச் சாமான் வாங்கப் போய்க்கொண்டிருந்தோம். "இஞ்சாருங்கோ, சிவப்பு லைற் ஒண்டு எரியுது. மெள்ளப் போங்கோ" என்றார் உமது அக்கா. பார்த்தேன். உண்மைதான், ஸ்டியறிங்குக்குப் பின்னால் சிவப்பாக ஒரு பொட்டு. அது பொட்டு இல்லை, வட்டத்துக்குள் ஓர் ஆச்சரியக்குறி என்று அவர் சொன்னார். இந்தக் காலத்தில் எல்லாவற்றையும் சின்னதாக அச்சடித்துத் தொலைக்கிறார்கள். வேகத்தைக் குறைத்தேன், பொட்டு அணைந்தது. திரும்ப வேகம் பிடித்தேன், பொட்டு எரிந்தது. அடுத்த வாரம் மழைக்குள் ஹவுன்ஸ்லோவில் ஒரு கலியாண வீட்டுக்குப் போகும்போது சிவப்போடு மஞ்சளும் சேர்ந்துகொண்டது. அதில் ஒரு குட்டிக் கார், அதன் பின்னால் குடிகாரன் நடந்த தடம் மாதிரி இரண்டு வளைந்த கோடுகள். கார் வழுக்குகிறது என்று அர்த்தமாம். நான் வழுக்கவில்லை. என் காலத்தில் கார் வழுக்கினால் ஓட்டுகிறவனுக்குத்தான் முதலில் தெரியும், படம் போட்டுக் காட்டத் தேவையில்லை.

ஜெராட்டிடம் கொண்டுபோனேன். உமக்குப் பிறகு அந்தக் கராச்சை எடுத்து நடத்துகிறவர், நல்ல பிள்ளை. ஜெராட்டின் கராச்சுக்குள் நுழைந்ததும் லைற் ஒன்றும் எரியவில்லை. பிள்ளை ஓட்டிப் பார்த்தார், எரியவில்லை. நான் ஓட்ட அவர் பக்கத்தில் இருந்து பார்த்தார், அப்போதும் எரியவில்லை. கொம்பியூட்டரைச் செருகிப் பார்த்தார், நாலு சில்லையும் கழற்றிப் பார்த்தார்.

"அண்ணை, இதிலை ஒரு பிழையும் பதிவாகேல்லை. முன்பிரேக் புதுசு மாதிரிக் கிடக்கு. பின்பிரேக்தான் தேவையில்லாமல் தேய்ஞ்சிருக்கு. ஆரும் ஹான்ட் பிரேக்கை இழுத்துப் போட்டு ஓடினவையோ?"

யோகராஜா, என்னைப் பார்த்துக் கேட்டார்! நாற்பது வருடம் கார் ஓட்டியவனைப் பார்த்து! உமது கராச்சில் வேலை பழகியவர் என்பதற்காகப் பொறுத்துக்கொண்டேன். "தம்பி, ஹான்ட் பிரேக்கை எடுக்காமல் ஓட நான் என்ன நேற்று லைசன்ஸ் எடுத்தவனோ?" என்று மட்டும் கேட்டுவிட்டு வந்துவிட்டேன். வீட்டுக்கு வந்து பாலாம்பிகையிடம் சொன்னபோது அவருக்குப் புரைக்கேறி, தண்ணீர் குடிக்க வேண்டியதாகிவிட்டது. என் மானம் அவருக்கும் மானம்தானே.

அதன் பிறகு என் நண்பர் வாமதேவன் இதில் இறங்கினார். வங்கியில் மனேஜராக இருந்து ஓய்வு பெற்றவர், எதையும் வாசித்தே பழுது பார்க்கக் கூடியவர். காரோடு வந்த புத்தகத்தை முழுக்க வாசித்துவிட்டு, ஒவ்வொரு சில்லுக்கும் அது சுற்றுகிற வேகத்தைப் பார்த்துச் சொல்ல ஒரு சென்சர் இருக்கிறது, அதில் ஊத்தை பிடித்தால் கார் குழம்பிப்போகும் என்று தீர்ப்புச் சொன்னார். இருவரும் தெருவில் குப்புறப் படுத்து நாலு சென்சரையும் துலக்கினோம். அந்தப் பிரஷ் நான் பல் துலக்குவது என்று பிறகுதான் தெரியவந்தது. காரில் ஒரு மாற்றமும் இல்லை.

அப்போதுதான் எனக்கு ஒன்று பிடிபட்டது. நான் தனியாக ஓட்டினால் லைற் எரிவதில்லை. கம்சிகா பக்கத்தில் இருந்தாலும் எரிவதில்லை. பாலாம்பிகை முன்சீற்றில் ஏறினால்தான் எரிகிறது! சீற்றுக்குக் கீழே பாரம் பார்க்கிற சென்சர் ஒன்று இருப்பதாக வாமதேவன் சொன்னார். உமது அக்காவின் பாரத்தை அவரிடமே கேட்க முடியாது என்பது உமக்குத் தெரியும். ஆகையால் நெல்லரிசி மூட்டை மூன்றை முன்சீற்றில் அடுக்கி, பெல்ற் போடும்வரை கார் கத்திக்கொண்டே இருந்ததால் மூட்டைகளுக்கு பெல்ற்றும் போட்டு, வெம்பிளியை ஒரு சுற்றுச் சுற்றி வந்தேன். லைற் எரியவில்லை. ஆனால் வழியில் கண்ட உமது சித்தியின் மருமகள், அத்தான் தனியாக அரிசியோடு பேசிக்கொண்டு போகிறார் என்று ஊரெல்லாம் சொல்லியிருக்கிறார். நான் பேசியது அரிசியோடு அல்ல, லைற்றோடு.

பாரமும் இல்லை, சென்சரும் இல்லை, பிரேக்கும் இல்லை. ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டு வந்தால் கடைசியில் பாலாம்பிகை மட்டும் மிஞ்சுகிறார். ஆனால் அவருக்கும் பிரேக்குக்கும் என்ன சம்பந்தம்? பாவம், கார் புறப்பட்டால் அவர் அதிகம் பேசுவதே இல்லை. இரண்டு சீற்றுக்கும் நடுவே ஹான்ட்பாக்கை வைத்து, அதற்குள் கையை விட்டபடி, கடவுள் பேரைச் சொல்லிக்கொண்டு வருவார். ஓடுகிற காருக்குள் எந்தக் கள்ளன் வரப் போகிறான் என்று கேட்டாலும் கையை எடுக்க மாட்டார். முப்பது வருடம் பின்சீற்றில் நித்திரை கொண்டு வந்தவர், போன ஐப்பசியிலிருந்துதான் முன்சீற் கேட்கிறார். இந்த வயதில் என் பக்கத்தில் இருக்க ஆசைப்படுகிறார் என்று எனக்குள்ளே ஒரு சந்தோஷம். நேரில் இதைச் சொல்ல மாட்டேன், கடிதம் என்றபடியால் எழுதுகிறேன்.

இனி நான் உம்மிடம் எழுத வந்த விஷயம். கம்சிகா போன ஞாயிறு வந்திருந்தாள். தெருமுனையில் கவுன்சில் புதிதாக நட்ட தூணில் காரின் மூலை லேசாக உரசியிருந்ததைப் பார்த்துவிட்டாள். அந்தத் தூண் அங்கேயே எப்போதும் நின்றது என்கிறாள், எனக்கு நம்பிக்கையில்லை. "அப்பா, மாமா வாறதுக்குள்ள இந்த லைற்ஸ் ஸோர்ட் அவுட் ஆகேல்லையெண்டா வீ ஆர் செல்லிங் தி கார். ஐ மீன் இட்" என்றாள். காரை விற்றுவிடுவாளாம். கண்ணையும் டொக்டரிடம் காட்டச் சொன்னாள். என் கண்ணுக்கு என்ன? ஜன்னலில் நின்றபடியே எதிர்வீட்டுக் காரின் நம்பரை ஒரு எழுத்து விடாமல் சொன்னேன். "அப்பா, அந்தக் கார் பதினொரு வருஷமா அங்கதான் நிக்குது" என்கிறாள். கார் எத்தனை வருடம் நின்றால் என்ன, வாசித்தேனா இல்லையா? போன கிழமை ஒரு சைக்கிள்காரன் ஜன்னலில் தட்டி ஏசியதையும் என் கணக்கில் எழுதுகிறாள். அவன் எங்கிருந்து வந்தான் என்று அவனுக்கே தெரிந்திருக்காது.

எனக்கு பஸ் பாஸ் இருக்கிறது, லண்டன் முழுக்கச் சும்மா போகலாம் என்கிறார்கள். போகலாம். பஸ்ஸில் போய் ஒருவரை ஏற்றி வர முடியுமா? உமக்கு நினைவிருக்கும், இந்த நாட்டில் நீர் இறங்கிய அன்று ஒரு பிளாஸ்டிக் பையும் உடம்பில் குளிருக்கு உதவாத ஒரு பருத்திச் சேட்டுமாக வெளியே வந்தீர். வாசலில் யார் நின்றது? உமது சித்தப்பா வந்தபோது யார் நின்றது? அவருடைய பிள்ளைகள் ஒவ்வொருவராக வந்தபோது, மூத்தவளை இமிகிரேஷன்காரர் பிடித்து வைத்துவிட்டு விடியும்வரை விடாமல் இருந்தபோது, யார் நின்றது? லண்டனில் வந்திறங்கிய நம்மவர் எவரையும் டாக்ஸியில் ஏறவிட்டவன் அல்ல நான். வேலையில் எனக்குப் பெரிய பேர் இல்லை, பணமும் இல்லை. ஹீத்ரோ வாசலில் நிற்கிற ஆள் என்பதுதான் எனக்குப் பேர். அதையும் எடுத்துவிட்டால் நான் வீட்டில் மிளகாய்க் கன்றுக்குத் தண்ணீர் ஊற்றுகிற ஒருவன்.

ஆகையால் நீர் செய்ய வேண்டியது இதுதான். காரில் பிழை ஒன்றும் இல்லை, லைற்றைப் பொருட்படுத்த வேண்டாம், அத்தான் தாராளமாக ஓட்டலாம் என்று நாலு வரி எழுதி அனுப்பும். மற்றவர்கள் சொன்னால் கம்சிகா கேட்க மாட்டாள், கராச் வைத்திருந்த மாமா சொன்னால் கேட்பாள். உமது அக்காவை இதில் இழுக்க வேண்டாம். இந்தக் கவலைகள் போதாதென்று அவர் இப்போது பக்தியிலும் இறங்கிவிட்டார். ஒவ்வொரு வியாழனும் டொலறசோடு முருகன் கோயிலுக்குப் போகிறார். டொலறஸ் கத்தோலிக்கர், பெண்களுக்குக் கார் ஓட்டப் பழக்குகிறவர், ஓய்வே இல்லாதவர். அப்படியிருந்தும் வாரம் தவறாமல் முருகனிடம் கூட்டிப்போகிறார். இவ்வளவு மத ஒற்றுமையை நான் வேறெங்கும் கண்டதில்லை. கும்பிட்டுவிட்டு வரும்போது பாலாம்பிகை வியர்த்து விறுவிறுத்து வருகிறார், அப்படி உருகுகிறார்.

உமது மனைவி பிள்ளைகளுக்கு என் ஆசிகள். எல்லோரும் நோய்நொடியின்றி வந்து சேருங்கள். வாசலில் நான் நிற்பேன்.

இப்படிக்கு,
அன்பு அத்தான்,
இராசரத்தினம்

பி.கு.: தம்பி யோகன், அக்கா எழுதுறன். கவரிலை விலாசம் எழுதச் சொல்லி அத்தான் என்னட்டைத் தந்தார். எழுத்து கோட்டுக்கு மேலை நிக்குதில்லையாம், பேனை சரியில்லையாம். ஒட்டுறதுக்கு முன்னம் வாசிச்சுப்போட்டன்.

லைற்றுக்குக் காரணம் நான்தான். ஹான்ட்பாக்குக்குக் கீழை என்ரை கை ஹான்ட் பிரேக்கிலை இருக்கும். போன ஐப்பசி பள்ளிக்கூடத்தடியிலை, சீப்ரா குறோசிங்கிலை ஒரு தாய் பிள்ளையை வைச்ச தள்ளுவண்டிலோடை இறங்கிட்டாள். அத்தான் நிப்பாட்டேல்லை. அவள் வண்டிலைப் பின்னுக்கு இழுத்தபடியாலை தப்பினது. நான் பின்சீற்றிலை இருந்து கத்தினன். "ஏன் கத்துறீர்?" எண்டு கேட்டார். தம்பி, அவர் அவளைக் காணவேயில்லை. அடுத்த நாளே நான் முன்சீற்றுக்கு வந்திட்டன். அவர் காணாதது ஏதும் முன்னாலை வந்தால் பிரேக்கை ஒரு பல்லு, ஒரு 'கிளிக்' அளவு, இழுப்பன், சிவப்பு எரியும், அவர் வேகத்தைக் குறைப்பார். மழையிலை பயம் வந்தால் ரண்டு பல்லு. ஜெராட் தம்பி கண்டுபிடிச்சிட்டான் எண்டு கேட்டுத்தான் எனக்குப் புரைக்கேறினது.

உங்களுக்குக் கண் தெரியேல்லை எண்டு அவரிட்டைச் சொல்ல எனக்கு வாய் வரேல்லை. முன்சீற்றிலை நான் வந்ததுக்கு அவர் சந்தோஷப்பட்டதை இதை வாசிச்சுத்தான் அறிஞ்சன். வாசிச்சுப்போட்டுக் குசினிக்குள்ளை போய் அழுதனான். ஆனால் இனியும் இப்பிடி விடேலாது. ஒருநாள் என்ரை கை பிந்தினால், அந்தத் தாய்க்கு என்ன சொல்லுவன்?

வியாழக்கிழமையிலை போனது கோயிலுக்கில்லை. முருகன் மன்னிப்பார், டொலறசின்ரை மாதாவும் மன்னிப்பா. போன வியாழன் கார் ஓட்டப் பரீட்சை பாஸ் பண்ணிட்டன். ரண்டாந்தரம்தான். முதல்தரம் சந்தியிலை பயத்திலை ஹான்ட் பிரேக்கை இழுத்திட்டன், பழக்கம். கம்சிகாவுக்கும் இன்னும் சொல்லேல்லை.

அத்தான் கேட்ட மாதிரி நீ எழுத வேண்டாம். இந்தக் காருக்கு ஓட்டுற ஆளை மாத்தினால் லைற் எரியாது எண்டு எழுது. அது பொய்யில்லை, நான் ஓட்டினால் என்ரை ரண்டு கையும் ஸ்டியறிங்கிலைதானே. கனடாவிலை நீ செய்விச்ச கண் ஒப்பரேஷனைப் பற்றியும் ஒரு பக்கம் எழுது, பெருமையாய் எழுது. உனக்கு ஒரு கண் செய்தது எண்டால் அவர் ரண்டும் செய்யாமல் விடமாட்டார். ஹீத்ரோ வாசலிலை நிக்கப் போறது அவர்தான். அதை ஒருத்தரும் அவரிட்டையிருந்து எடுக்க நான் விடன். காரை மட்டும் நான் கொண்டு வருவன்.

வந்து ஏறினதும் நீங்கள் எல்லாரும் பின்சீற்றிலை இருங்கோ. முன்சீற் அத்தானுக்கு. அவரின்ரை கை எங்கை போகுமெண்டு எனக்குத் தெரியும். சிவப்பு லைற் எரிஞ்சால் ஒண்டும் கேளாதை.